முதுகில் சுடப்பட்ட டாங்கி

மேஜைமேல் 'ணங்' என்று விழுந்த கீசெயினைப் பார்த்ததும் கொசு கேட்டாள்:

"இதுல சாவியை மாட்டணுமா, இல்ல இதைக் கொண்டுபோய்க் கதவுல மாட்டணுமா?"

வந்திருந்த பெண் சிரிக்கவில்லை. சலவை நிறுவனத்தின் நீலச் சட்டை போட்டிருந்தாள். வாசலில் அவள் ஓட்டிவந்த வேன் நின்றது; ஆஸ்பத்திரிப் போர்வைகளும் ஓட்டல் மேஜைவிரிப்புகளும் மூட்டை மூட்டையாக ஏறியிருந்தன. நேரத்துக்குச் சேர்க்கவேண்டிய சரக்கைத் தெருவில் நிறுத்திவிட்டு ஒருத்தி துப்பறியும் ஆபீஸின் மாடிப்படி ஏறுகிறாள் என்றால் விஷயம் சின்னதல்ல. கொசு வாயை மூடிக்கொண்டாள். வருஷத்துக்கு இரண்டு மூன்று தடவைதான் அவளுக்கு அது கைகூடும்.

கொசு என்பது மாமா வைத்த பெயர். காதோரமாக ஓயாமல் பேசுவாள், விரட்டினாலும் போகமாட்டாள் என்பதால். மாமாவுக்கு ஊர் வைத்த பெயர் தராசு. இருபத்திரண்டு வருஷம் எடை அளவு இலாகாவில் இன்ஸ்பெக்டராக இருந்தவர். கடைக்காரர் தரும் எடைக்கல்லைக் கையில் வாங்கிய மாத்திரத்தில் எத்தனை கிராம் குறைச்சல் என்று சொல்லிவிடுவார். ஒருநாள் ஒரு பெரிய மனிதரின் கடையிலும் அப்படியே சொல்லிவிட்டார். மறுவாரமே வேலை போனது. அதற்கடுத்த வாரம் துப்பறிய ஆரம்பித்தார். பத்து நாள் கூடமாட இருக்கிறேன் என்று வந்த அக்கா மகள் நாலு வருஷமாகக் கூடமாட இருக்கிறாள்.

தராசு கீசெயினைக் கையில் எடுத்தார். தீப்பெட்டி நீளத்துக்கு ஓர் இரும்புத் துண்டு. ஒரு பக்கம் பச்சை, மறுபக்கம் வெள்ளை. கூடவே ஒரு சின்ன அட்டை. உரக்கப் படித்தார்.

"டாங்கி எண் பதினேழு. பின்பக்கத் தகடு. வெளிப்புறம் அசல் பச்சை, உட்புறம் அசல் வெள்ளை. சீவப்படவில்லை, தேய்க்கப்படவில்லை. சான்றளிப்பவர், கேப்டன்."

"என் வீட்டுக்காரர் ஓட்டின டாங்கி சார்," என்றாள் அந்தப் பெண்.

அவள் சொன்ன கதை இதுதான். சண்டை முடிந்து மூன்று வருஷம். பாலத்தை மறித்துக்கொண்டு நின்ற பதினேழாம் எண் டாங்கியில் நாலு பேர். மேலே கேப்டன், முன்னால் டிரைவர், பீரங்கியில் இரண்டு பேர். டாங்கி அடிபட்டது. கேப்டன் மட்டும் பிழைத்தார். டிரைவர் பயந்துபோய்க் கட்டளையை மீறி டாங்கியைத் திருப்பிவிட்டான், ஓடுகிற டாங்கியின் முதுகில் குண்டு விழுந்தது, அந்த அதிர்ச்சியில் நான் வெளியே தூக்கி எறியப்பட்டேன் என்று கேப்டன் எழுதிக்கொடுத்தார். அவருக்குப் பதக்கம் கிடைத்தது. அவர் சொன்னதுதான் சரித்திரம் ஆனது.

"பள்ளிக்கூடம் பள்ளிக்கூடமாப் போய்ப் பேசறாரு. போன வாரம் என் பொண்ணு ஸ்கூலுக்கு வந்தாரு. 'ஒரே ஒரு குண்டு. அதுவும் முதுகில்'னு விரலைத் தூக்கிக் காட்டிப் பேசினாராம். பேச்சு முடிஞ்சதும் பிள்ளைங்களுக்கெல்லாம் ஆளுக்கு ஒரு கீசெயின் குடுத்தாங்க. என் பொண்ணுக்கும்தான். அவ யார் மகள்னு அவருக்குத் தெரியாது. கூடப் படிக்கிற பிள்ளைங்களுக்குத் தெரியும்."

கொசு மாமாவின் கையிலிருந்த கீசெயினைப் பார்த்தாள்.

"வீட்டுக்கு வந்து இதை என் மடியில வெச்சா. 'அம்மா, அப்பா நிஜமா ஓடினாரா?'ன்னா. இல்லடின்னேன். 'உனக்கு எப்படித் தெரியும்?'னு கேட்டா. அதுக்கு என்கிட்ட பதில் இல்ல சார்."

பூங்காவில் நினைவுச் சுவர் எழும்பியிருந்தது. நாளைக் காலை திறப்பு. பீரங்கிக்காரர் இரண்டு பேருடைய பெயரும் அதில் வெட்டியாகிவிட்டது. டிரைவர் பெயர் இல்லை. மூன்று மாதம் முன்பே அவள் மனுக் கொடுத்திருந்தாள். கமிட்டித் தலைவர் ஓய்வுபெற்ற நீதிபதி. ஆதாரம் கொண்டுவா, வெட்டச் சொல்கிறேன் என்று சொல்லியிருந்தார். கல்தச்சர் இன்று நாலு மணிக்கு உளியை மூட்டை கட்டிவிடுவார்.

கொசு கடிகாரத்தைப் பார்த்தாள். பதினொன்று.

"சரி, அந்த டாங்கியைப் பார்த்தா எந்தப் பக்கம் ஓட்டைன்னு தெரிஞ்சிடுமே. டாங்கி இப்ப எங்க இருக்கு?"

அந்தப் பெண் கீசெயினைக் காட்டினாள். "இதோ. ஊர் பூரா இருக்கு."

*

மூவரும் சலவை வேனிலேயே கிளம்பினார்கள். முன்னால் இரண்டு பேருக்குத்தான் இடம் என்பதால் கொசு பின்னால் போர்வை மூட்டையின் மேல் உட்கார்ந்தாள். அங்கிருந்தபடியே தன் கண்டுபிடிப்பை அறிவித்தாள்.

"மாமா, எனக்குப் புரிஞ்சுபோச்சு. ஒரு டாங்கியிலிருந்து எத்தனை கீசெயின் வரும்? ஊரெல்லாம் ஆளுக்கு ஒண்ணு வெச்சிருக்கான். எல்லாம் டூப். பழைய குப்பைத் தொட்டியை வெட்டிப் பச்சை பெயிண்ட் அடிச்சு விக்கிறான் அந்த ஆளு. பட்டறையைப் பிடிச்சா கேஸ் முடிஞ்சுது."

"முடியட்டும்," என்றார் தராசு. மாமா இவ்வளவு சுலபமாக ஒத்துக்கொண்டால் தன் கட்சியில் எங்கோ ஓட்டை இருக்கிறது என்பது கொசுவுக்கு அனுபவம்.

நீதிபதியின் அறை பூங்காவின் ஓரத்தில் இருந்தது. ஜன்னலுக்கு வெளியே சுவர். சுவருக்கு முன்னால் ஏணிமேல் கல்தச்சர். நீதிபதியின் மேஜை அவரைப் போலவே சுத்தமாக இருந்தது. ஒரு பேனா, ஒரு மணி, கோப்புகள் ஓர் அடுக்கு. அடுக்கின்மேல் ஒரு பேப்பர் வெயிட். டம்ளர் உயரத்துக்கு நிற்கும் இரும்புக் கட்டை. உச்சி பச்சை. ஒரு பக்கத்தில் மேலிருந்து கீழ்வரை வளைவாகக் குடைந்து கருகியிருந்தது.

"உங்க மனு பத்திரமா இருக்கும்மா," என்றார் நீதிபதி. இரண்டு கையாலும் பேப்பர் வெயிட்டைத் தூக்கி ஓரமாக வைத்துவிட்டு, அடுக்கின் உச்சியிலிருந்து அவளுடைய மனுவை எடுத்துக் காட்டினார். "மூணு மாசமா மேலேயேதான் வெச்சிருக்கேன். மறக்கல."

"இதை வெச்சா பேப்பர் மட்டுமில்ல சார், மேஜையே பறக்காது," என்றாள் கொசு.

நீதிபதிக்கு அது பாராட்டாகவே பட்டது. "காயம்பட்ட ஸ்பெஷல். பட்டறைக்காரர் கமிட்டிக்கு அன்பளிப்பாக் குடுத்தது. குண்டு துளைச்ச இடத்தைச் சுத்தி வெட்டினதும்மா. மொத்தமே ஆறுதான் செஞ்சாங்களாம். சர்டிஃபிகேட்கூட இருக்கு." இழுப்பறையைத் திறந்து எடுத்தார். *பின்பக்கத் தகடு. எதிரியின் குண்டு துளைத்த இடம். சீவப்படவில்லை, தேய்க்கப்படவில்லை.* கீழே கேப்டனின் கையெழுத்து.

சலவைப் பெண் அந்தக் கருகிய வளைவையே பார்த்துக்கொண்டிருந்தாள். அதைத் தொடவில்லை.

தராசு கேட்டார்: "அடிபட்ட டாங்கியை யாருமே பார்க்கலையா சார்?"

"எங்க பார்க்கறது? பாலம் எதிரி கையில போயிடுச்சு. அவன் புல்டோசர் வெச்சு டாங்கியைப் பள்ளத்துல உருட்டிட்டான். நம்ம ஆளுங்க திரும்பப் போறதுக்குள்ள சண்டையே முடிஞ்சுபோச்சு. அது எந்தப் பக்கம் பார்த்து நின்னுதுன்னு கடவுளுக்கும் கேப்டனுக்கும்தான் தெரியும். அப்புறம் ஏலம். பட்டறைக்காரர் எடுத்தாரு." நீதிபதி கைகளை விரித்தார். "இந்த அம்மா சொல்றதை நான் நம்பறேன்யா. ஆனா நான் நம்பறதையெல்லாம் கல்லுல வெட்ட முடியாது. ஆதாரம் வேணும்."

தராசு பேப்பர் வெயிட்டை எடுத்து உள்ளங்கையில் ஒரு தடவை ஏற்றி இறக்கினார். பழைய வேலைப் பழக்கம்.

"மூணே கால் கிலோ," என்று சொல்லிவிட்டு, அதை மனுவின்மேல் திரும்ப வைத்தார்.

*

பட்டறை முன்பு கோப்பைப் பட்டறையாக இருந்தது. இன்னும் அரைவாசி அதுதான். ஷோரூமின் ஒரு சுவரில் ஓட்டப் பந்தயக் கோப்பைகள், பேச்சுப்போட்டிக் கேடயங்கள், எதிர்ச்சுவரில் டாங்கி. டாங்கியில் செய்த கடிகாரம், டாங்கியில் செய்த பேனா ஸ்டாண்ட், டாங்கியின் பல்சக்கரத்தில் செய்த விளக்கு. நடுவே வழவழப்பான தலையோடு முதலாளி. ஊரில் அவருக்குப் பெயர் கோப்பைக்காரர்.

வேனிலேயே திட்டம் போட்டாகிவிட்டது. சலவைப் பெண் வெளியே இருப்பாள். கொசுதான் பேசவேண்டும்.

"நாங்க இன்சூரன்ஸ் கம்பெனியிலிருந்து வர்றோம்," என்றாள் கொசு. "ஆயுள் காப்பீடு. எங்க கஸ்டமர்களுக்கு நினைவுப் பரிசு குடுக்கணும்."

"பொருத்தமான பரிசு மேடம்," என்றார் கோப்பைக்காரர், முகத்தில் ஒரு மாற்றமும் இல்லாமல்.

விலைப்பட்டியலை நீட்டினார். கொசு மடக்கி மடக்கிக் கேட்டாள். இது அசல்தான் என்பதற்கு என்ன சாட்சி? ஒரு டாங்கிக்கு இத்தனை கீசெயின் எப்படி வந்தது? கோப்பைக்காரர் கோபித்துக்கொள்ளவில்லை. ஏலச்சீட்டைக் காட்டினார். லாரியிலிருந்து டாங்கியை இறக்கிய போட்டோவைக் காட்டினார். அதில் டாங்கி தலைகீழாகத் தார்ப்பாயில் சுற்றிக் கிடந்தது. வெட்டாமல் மிச்சமிருந்த தகடுகளைக் கொல்லையில் கொண்டுபோய்க் காட்டினார். எந்தத் தகட்டிலிருந்து எது வெட்டியது என்று பட்டியலிலேயே அச்சடித்திருந்தார். பின்பக்கத் தகடு, கீசெயின். பக்கவாட்டு, கடிகாரம். முன்பக்கம், பேப்பர் வெயிட், பேனா ஸ்டாண்ட். காயம்பட்ட ஸ்பெஷல் மட்டும் தனிப் பக்கத்தில், தங்க நிற எழுத்தில்.

அரைமணி நேரத்தில் கொசுவுக்கு மண்டை காய்ந்துவிட்டது. மனுஷன் ஒரு துண்டைக்கூட மாற்றவில்லை. ஊரிலேயே நேர்மையான வியாபாரி இவர்தான் போலிருந்தது. அவளுக்கு அழுகையே வந்தது.

கடைசி முயற்சியாக, போகிற போக்கில் கேட்டாள்: "எங்களுக்கு அந்தக் காயம்பட்ட ஸ்பெஷல்தான் வேணும். ஆனா கீசெயின் சைஸ்ல. குண்டு பட்ட பாகத்தைப் பாக்கெட்டுலயே வெச்சுக்கலாம் பாருங்க."

"அது முடியாதுங்க மேடம்."

"ஏன் முடியாது?"

"வெட்டறவரையே கேளுங்க," என்று கொல்லைப் பக்கம் கை காட்டினார்.

வெட்டுக்காரர் தண்ணீர் பீச்சும் பெரிய ரம்பத்தின் முன்னால் நின்றார். இருபது வருஷ ரம்பச் சத்தத்தில் காது பாதி போயிருந்தது. அதனால் ரகசியம் சொன்னாலும் தெருமுனை வரை கேட்கும்.

"ஸ்பெஷல்ல கீசெயினா? ஆகாது! அது கனம்! அதைக் கோத்து இடுப்புல மாட்டினா பேண்ட்டு கழண்டுடும்!"

"மேலாக்க ஒரு இழை சீவிக் குடுங்களேன்!" கொசுவும் கத்தினாள்.

"சீவறதா!" அவருக்கு உண்மையிலேயே கோபம் வந்துவிட்டது. ரம்பத்தை நிறுத்தினார். "இந்தப் பட்டறையில எவனும் சீவ மாட்டான்! ஒரு பக்கம் வெளிப் பச்சை, மறுபக்கம் உள் வெள்ளை! ரெண்டும் இருந்தாத்தான் அசலுக்கு கியாரண்டி! தகடு என்ன கனமோ அதே கனத்துல நேரா இறக்கி எடுப்பேன்! சூட்டுல பெயிண்ட் கருகக்கூடாதுன்னுதான் காஸ் வைக்காம தண்ணி ரம்பத்துல அறுக்கறேன்! சீவினா அது வெறும் இரும்பும்மா!"

தராசு முன்னால் போய் அவர் காதருகே குனிந்தார். "டாங்கியில மொத்தம் எத்தனை ஓட்டை?"

"ஒண்ணே ஒண்ணு! மத்தபடி பள்ளத்துல உருண்ட நசுங்கல்தான்!"

"முதலாளி எழுதற சர்டிஃபிகேட்டைப் படிப்பீங்களா?"

"எனக்கு எதுக்கு? எனக்குத் தகட்டைத் தெரியும்!"

தராசு அவருக்கு ஒரு கும்பிடு போட்டார். மணி மூன்றைத் தாண்டியிருந்தது. வேனுக்கு நடக்கும்போது கொசுவின் வாய் இறங்கியிருந்தது.

"போச்சு மாமா. எல்லாம் அசல். கேப்டன் கையெழுத்து அசல், இரும்பு அசல், பெயிண்ட் அசல். அந்த அம்மா மூஞ்சியை எப்படிப் பார்க்கறது?"

"அசலா இருக்கறதுனாலதான் பார்க்கலாம்," என்றார் தராசு. "விலைப்பட்டியலை எடுத்துக்கிட்டியா?"

"எடுத்திருக்கேன். கொசு விரட்டவாவது ஆகும்னு."

"பத்திரமா வெச்சுக்கோ."

அதற்குமேல் வாயைத் திறக்கவில்லை. வழியெல்லாம் வேனின் பின்னால் உட்கார்ந்து கொசு கெஞ்சினாள், மிரட்டினாள், அம்மாவிடம் சொல்லிவிடுவேன் என்றும் சொன்னாள். மாமா அசையவில்லை.

*

நீதிபதியின் அறையில் கேப்டன் இருந்தார்.

நாளைய விழாவில் எங்கே நிற்பது, எப்போது பேசுவது என்று பார்க்க வந்திருந்தார். ஆறடி உயரம், நரைத்த மீசை, மேடைக்குப் பழகின குரல். பக்கத்தில் கோப்பைக்காரர், விருந்தாளிகளுக்கான பரிசுப் பெட்டிகளோடு. குறுக்கு வழியில் முந்திக்கொண்டு வந்துவிட்டார் போலிருந்தது. இன்சூரன்ஸ் கம்பெனிக்காரியை இங்கே கண்டதும் அவர் ஆர்டர் உறுதியாகிவிட்டது என்று நினைத்துச் சிரித்தார்.

சலவைப் பெண் வாசலிலேயே நின்றாள். கேப்டன் அவளைப் பார்த்ததும் பேச்சை நிறுத்தினார். மகளைத் தெரியாவிட்டாலும் அவளைத் தெரிந்திருந்தது.

ஜன்னலுக்கு வெளியே கல்தச்சர் ஏணியிலிருந்து இறங்கிக்கொண்டிருந்தார். மணி மூன்றே முக்கால்.

"ஆதாரம் கொண்டுவந்தீங்களா?" என்று கேட்டார் நீதிபதி.

"இங்கேயேதான் சார் இருக்கு. முதல்ல கேப்டன்கிட்ட ஒரு கேள்வி." தராசு திரும்பினார். "டாங்கி மேல எத்தனை குண்டு விழுந்தது?"

"ஒரே ஒரு குண்டு." கேப்டனின் விரல் தானாக மேலே போனது. "அதுவும் முதுகில்."

"ரொம்ப நன்றி. வெட்டறவரும் ஒரே ஓட்டைன்னுதான் சொல்றாரு." தராசு சட்டைப் பையிலிருந்து தன் பழைய எஃகு ஸ்கேலை எடுத்தார். மகளுக்குக் கிடைத்த கீசெயினை மேஜைமேல் நிறுத்தி அளந்தார். "இது பின்பக்கத் தகடு. பச்சையிலிருந்து வெள்ளை வரைக்கும் அரை அங்குலம். சீவல, தேய்க்கல. அதாவது டாங்கியோட முதுகு அரை அங்குலம்தான் கனம்."

பேப்பர் வெயிட்டை நோக்கி நகர்ந்தார். அப்போதுதான் கொசுவுக்கு உறைத்தது. காலையிலிருந்து கேலி செய்துகொண்டிருந்த அந்தக் கனம். *பேண்ட்டு கழண்டுடும்.* தலையில் அடித்துக்கொள்ளலாம் போலிருந்தது. கை பரபரவென்று பைக்குள் போய் விலைப்பட்டியலைத் தேடியது.

"இதுவும் பின்பக்கத் தகடுன்னு சர்டிஃபிகேட் சொல்லுது. இதையும் சீவல, தேய்க்கல. உச்சியில பச்சை." தராசு அதைக் கவிழ்த்தார். அடி வெள்ளை. "பச்சையிலிருந்து வெள்ளை வரைக்கும் நாலு அங்குலம். ஒரே தகடு சார். ஒரு இடத்துல அரை அங்குலம், இன்னொரு இடத்துல நாலு அங்குலம். எடை அளவு இலாகாவுல இருபத்திரண்டு வருஷம் இருந்தேன், இப்படி ஒரு தகட்டை நான் பார்த்ததில்ல."

நீதிபதி ஸ்கேலை வாங்கித் தானே ஒரு தடவை அளந்து பார்த்தார்.

"டாங்கி செய்யறவன் மகா கஞ்சன். இரும்பை எதிரி நிக்கிற பக்கம்தான் கொட்டுவான். முன்னாடி நாலு அங்குலம், பின்னாடி அரை அங்குலம். கொசு, அந்தப் பட்டியலைப் படி."

"முன்பக்கத் தகடு: பேப்பர் வெயிட், பேனா ஸ்டாண்ட்," என்று கொசு படித்தாள். "பின்பக்கத் தகடு: கீசெயின் மட்டும்."

"காயம்பட்ட ஸ்பெஷல்ல கீசெயின் கிடையாது. ஏன்னா காயம் மெல்லிசுத் தகட்டுல இல்ல. இருந்த ஒரே ஓட்டை முன்னாடி. பீரங்கிக்கும் டிரைவருக்கும் நேரா." தராசு கட்டையை மேஜைமேல் வைத்தார். "இந்த டாங்கி திரும்பவே இல்ல சார்."

நீதிபதி கோப்பைக்காரர் பக்கம் பார்த்தார். கோப்பைக்காரருக்கு வழுக்கையெல்லாம் வியர்த்திருந்தது.

"சத்தியமா எனக்குத் தெரியாதுங்கய்யா! சர்டிஃபிகேட் வாசகம் கேப்டன் சார் எழுதிக் குடுத்தது. நான் கோப்பை செய்யறவன். எழுதிக் குடுக்கறதைப் பொறிக்கிறவன். ரெண்டாம் பரிசுன்னு எழுதிக் குடுத்தா ரெண்டாம் பரிசுன்னு பொறிப்பேன். ஓடினவன் நிஜமா ரெண்டாவதா வந்தானான்னு இதுவரைக்கும் நான் கேட்டதே இல்லீங்க!"

எல்லார் கண்ணும் கேப்டன் பக்கம் திரும்பியது. அவர் மறுத்துப் பேசுவார், மீசையை முறுக்குவார் என்று கொசு எதிர்பார்த்தாள். அதற்குத் தயாராக நாலு வார்த்தை நாக்கு நுனியில் வைத்திருந்தாள். கேப்டன் நாற்காலியில் உட்கார்ந்தார். உட்கார்ந்ததும் உயரம் குறைந்துபோனது.

"நான்தான் திருப்பச் சொன்னேன்," என்றார். மேடைக் குரல் இல்லை. "பாலத்துல ஜனங்க இன்னும் போயிட்டிருந்தாங்க. மூட்டை முடிச்சு, குழந்தை குட்டியோட. நாங்க நகர்ந்தா குண்டு நேரா அங்கதான் போய் விழும். எனக்கு அது தெரியும். இருந்தாலும் திருப்புடான்னேன். அவன் திருப்பல. 'இன்னும் கொஞ்ச நேரம் சார், கடைசி வண்டி போயிடட்டும்'னான். நான் மேல் மூடியைத் திறந்து இறங்கிட்டேன்."

"இறங்கி?" என்றார் நீதிபதி.

"ஓடினேன்."

மூன்று வருஷமாக ஊரெல்லாம் சொல்லிவந்த கதையில் அவர் மாற்றியிருந்தது ஒன்றே ஒன்றுதான் என்று கொசுவுக்குத் தோன்றியது. ஆளை மாற்றியிருந்தார். நாக்கு நுனியில் வைத்திருந்த நாலு வார்த்தையையும் அவள் விழுங்கினாள். அவர்மேல் இரக்கம் வரவில்லை. ஆனால் கேலி செய்யவும் வாய் வரவில்லை.

சலவைப் பெண் மெதுவாக உள்ளே வந்தாள். அவளுக்குக் கண் நிறைந்திருந்தது. ஆனால் பேசும்போது குரல் தெளிவாகவே இருந்தது.

"அவர் எப்பவும் அப்படித்தாங்க. ரிவர்ஸ் எடுக்கறதுன்னாலே அவருக்குப் பிடிக்காது. எனக்கு வண்டி ஓட்டச் சொல்லிக் குடுத்தப்பகூட அதை மட்டும் சொல்லிக் குடுக்கல. நானாத்தான் கத்துக்கிட்டேன்."

கோப்பைக்காரர் இதற்குள் மனதில் என்னவோ கணக்குப் போட்டு முடித்திருந்தார். "ஐயா," என்று மெல்ல ஆரம்பித்தார். "முன்பக்கம்னா... அது நெஞ்சுல பட்ட காயம் இல்லீங்களா? முதுகுக் காயம்னு போட்டதாலதான் ஸ்பெஷல்ல பாதி விக்காம கிடக்கு. சர்டிஃபிகேட்டை மாத்தி அடிச்சா..."

"வெளியே போங்க," என்றார் நீதிபதி.

அவர் பெட்டிகளைத் தூக்கிக்கொண்டு போனார். வாசலில் நின்று, "இன்சூரன்ஸ் ஆர்டர் என்னாச்சு மேடம்?" என்று மட்டும் கேட்டுவிட்டுப் போனார்.

நீதிபதி மனுவை எடுத்தார். மூன்று மாதம் கட்டையின் கீழே கிடந்ததில் வெட்டின ஓரங்களின் துரு இறங்கிக் காகிதத்தில் சதுரமாகக் கறை படிந்திருந்தது. ஒரு பக்கம் மட்டும் வளைவாக வெள்ளையாக இருந்தது, குண்டு துளைத்த இடம். கறை சரியாக டிரைவரின் பெயர்மேல் விழுந்திருந்தது. அவர் அதைப் பார்த்துக்கொண்டே இருந்தார். கோர்ட்டில் நாற்பது வருஷம் சாட்சிகளைத் தேடச் சொன்ன மனிதர். சாட்சி தினமும் அவர் கைபட்டுத்தான் இருந்தது. தினமும் அதைத் தூக்கி, அந்த மனுவைப் பார்த்து, திரும்பவும் அதையே அதன்மேல் வைத்திருந்தார்.

"மன்னிச்சுக்கோம்மா," என்றார். பிறகு ஜன்னலைத் திறந்து கத்தினார்: "ஏம்ப்பா! உளியைக் கட்டாதே! இன்னும் ஒரு பேர் இருக்கு!"

கல்தச்சர் கையில் உளிப்பையோடு அண்ணாந்து பார்த்தார். "கீழ இடமில்லீங்கய்யா. ரெண்டு பேருக்கும் மேலதான் இருக்கு."

"மேலேயே வெட்டு. அவன்தானே முன்னாடி உட்கார்ந்திருந்தான்."

சலவைப் பெண் சுவரருகே போய்ப் பெயரை எழுத்து எழுத்தாகச் சொன்னாள். கல்தச்சர் சாக்பீஸால் கோடு போட்டு எழுதி, சரிதானா என்று கேட்டார். அவள் தலையாட்டினாள். முதல் உளிச் சத்தம் கேட்டதும் முந்தானை இல்லாததால் நீலச் சட்டையின் கையிலேயே முகத்தைத் துடைத்துக்கொண்டாள். கேப்டன் எப்போது எழுந்து போனார் என்று யாரும் கவனிக்கவில்லை. நாளைய நிகழ்ச்சி நிரலில் அவர் பெயரிருந்த வரியை நீதிபதி பேனாவால் அடித்துக்கொண்டிருந்தார்.

கொசு மாமாவின் பக்கம் நகர்ந்தாள். "காலையில கையில எடுத்தப்பவே கண்டுபிடிச்சிட்டீங்க இல்ல?"

"சந்தேகம்தான். சீவாம வெட்டறாங்களான்னு தெரியணும்ல. நடுவுல எவனாவது ஏமாத்தியிருந்தா கேஸே போயிருக்கும்."

"அப்போ நாள் பூரா நான் கும்பிட்டு வேண்டிக்கிட்டிருந்தது அந்த ஆளு ஏமாத்துக்காரனா இருக்கணும்னு!"

"நல்லவேளை, உன் வேண்டுதல் பலிக்கல."

நாலரைக்குச் சலவைப் பெண் கிளம்பினாள். பள்ளிக்கூடம் விடும் நேரம். வேன் கதவைத் திறந்தபோது நீதிபதி பின்னாலேயே வந்தார், பேப்பர் வெயிட்டை இரண்டு கையாலும் தூக்கிக்கொண்டு.

"வழக்கு முடிஞ்சா சாட்சிப் பொருளை உரியவங்ககிட்ட ஒப்படைக்கணும்மா. அதான் முறை."

அவள் அதை வாங்கிக்கொண்டாள். இந்தத் தடவை கருகின வளைவின்மேல் கையை வைத்தாள், வெகுநேரம். பிறகு அதை ஸ்டியரிங்குக்கு நேர் எதிரே, கண்ணாடியை ஒட்டிப் படுக்க வைத்தாள். பச்சைப் பக்கம் சாலையைப் பார்க்கும்படி.

"பிரேக் போட்டா உருண்டு விழும்க்கா," என்றாள் கொசு.

"விழாது. இது எங்கயும் நகராது."

வேனை எடுத்தாள். உனக்கு எப்படித் தெரியும் என்று மகள் கேட்ட கேள்விக்குப் பதில் முன்னால் உட்கார்ந்திருந்தது, மூணே கால் கிலோ.